புதிய லேப்டாப் வாங்குவதற்கு முன்

கும்பகோணம்

அன்புள்ள செல்வம்,

உன் கடிதம் ஆவணி முகூர்த்தங்களுக்கு நடுவே வந்து சேர்ந்தது. கல்யாண வீடியோ எடிட்டிங் அறையை விட்டுத் தலைகாட்ட முடியாத நாட்கள். இன்றுதான் நிதானமாக எழுத நேரம் வாய்த்தது. அம்மாவுக்கு முழங்கால் அறுவைச் சிகிச்சை நல்லபடியாக முடிந்தது. கைத்தடி ஊன்றி வாசல்வரை நடக்கிறார், உன்னையும் மீனாவையும் விசாரித்தார். தேவி பிளஸ் ஒன்னில் கணினி அறிவியல் எடுத்திருக்கிறாள்.

உன் மகன் கதிர் வீடியோ கேம் ஆடியபடியே தமிழில் பேசிப் பதிவு செய்கிறான் என்று படித்ததும் எனக்கு மிகுந்த சந்தோஷம். பதினைந்து வயதில் ஒரு பையன், கண்ணால் பார்ப்பதையும் மனத்தில் ஓடுவதையும் அந்த நொடியிலேயே கோவையாகச் சொல்லப் பழகுகிறான். எந்தப் பள்ளிக்கூடமும் இந்தப் பயிற்சியைத் தருவதில்லை. அதனால்தான் உன் கேள்விக்கு இவ்வளவு நீளமாகப் பதில் எழுத உட்கார்ந்தேன்.

புதிய லேப்டாப் வாங்கித் தரலாமா என்று கேட்டிருந்தாய். இப்போது வேண்டாம். நீ எழுதிய தொல்லைகள் இவை: லேப்டாப்பில் பதிவு செய்தால் சத்தம் மட்டும் வருகிறது, படம் கறுப்பு. பிளேஸ்டேஷன் 5 கேம் பெட்டியை, அதன் படத்தை லேப்டாப்புக்குக் கொண்டுவரும் கேப்சர் கார்டில் இணைத்தாலும் கறுப்பு. கரண்ட் போனபோது ஒரு மணி நேரப் பதிவு பாழானது. இவை மூன்றும் வெவ்வேறு கோளாறுகள். முதல் இரண்டும் பார்வைக்கு ஒரே மாதிரி இருப்பதால் ஒரே காரணம் என்று நினைக்கத் தோன்றும். படம் கேமிலிருந்து கோப்புக்குப் போகும் வழியில் எந்த இடத்தில் நின்றுவிட்டது என்று முதலில் கண்டுபிடிக்க வேண்டும். அதைச் செய்யாமல் செட்டிங்ஸில் கண்டதையெல்லாம் மாற்றினால் இருப்பதும் கெடும்.

கதிர் பயன்படுத்துவது ஓபிஎஸ் ஸ்டூடியோ. 2012-இல் ஜிம் பெய்லி தொடங்கிய, திரையில் ஓடுவதைப் பதிவு செய்யும் இலவச மென்பொருள் அது. அதைவிட நல்லது தேடிக் காசு செலவழிக்க வேண்டியதில்லை. அதன் நடுவில் பெரிதாக ஒரு முன்னோட்டச் சதுரம் இருக்கும். பதிவைத் தொடங்குவதற்கு முன் அதைப் பார்க்கச் சொல். முன்னோட்டமே கறுப்பாக இருந்தால் படம் ஓபிஎஸ்ஸுக்கே வந்து சேரவில்லை. முன்னோட்டம் ஒழுங்காக ஓடி, கோப்பு மட்டும் விக்கி விக்கி ஓடினால், வந்த படத்தைச் சுருக்கி எழுதும் இடத்தில் தடங்கல். பாதிச் சிக்கல் இந்த ஒரு பார்வையிலேயே பிரிந்துவிடும்.

உன் லேப்டாப்பில் முன்னோட்டமே கறுப்பு என்று எழுதியிருக்கிறாய். இது, திரைக்கான படத்தை உருவாக்கும் கிராபிக்ஸ் சிப் இரண்டு உள்ள லேப்டாப்களில் வழக்கமாக வரும் தொல்லை. பிராசஸருக்குள்ளேயே இன்டெல் தரும் சிப் ஒன்று, தனியாக என்விடியா ஒன்று. பேட்டரியை மிச்சப்படுத்த விண்டோஸ் எந்த நிரலை எதில் ஓட்டுவது என்று தானாகவே முடிவு செய்கிறது. கேம் என்விடியாவிலும் ஓபிஎஸ் இன்டெலிலும் ஓடினால், கேமை மட்டும் எடுக்கும் 'கேம் கேப்சர்' வழியாக ஒன்றின் படத்தை மற்றொன்று எடுக்க முடியாது. இரண்டும் ஒரே சிப்பில் ஓட வேண்டும். ஆனால் முழுத் திரையையும் எடுக்கும் 'டிஸ்பிளே கேப்சர்' என்றால் கணக்கு தலைகீழ். பல லேப்டாப்களில் திரை இன்டெல் சிப்போடுதான் இணைந்திருக்கிறது. ஆகவே அப்போது ஓபிஎஸ் இன்டெலில் ஓட வேண்டும். இந்த வேறுபாடு தெரியாமல் ஒருவர் சொன்ன தீர்வை மற்றவர் செய்து பார்த்து, வேலை செய்யவில்லை என்று கைவிடுவதை நிறையப் பார்த்திருக்கிறேன்.

கதிருக்குக் கேம் கேப்சர்தான் சரி. கேம் மட்டும் பதிவாகும், நடுவில் வரும் அறிவிப்புகள் பதிவாகாது. விண்டோஸ் செட்டிங்ஸில் சிஸ்டம், அதில் டிஸ்பிளே, அதில் கிராபிக்ஸ் என்ற பக்கத்துக்குப் போ. அங்கே ஓபிஎஸ்ஸைச் சேர்த்து 'ஹை பெர்ஃபார்மன்ஸ்' என்பதைத் தேர்ந்தெடு, அதாவது என்விடியா சிப். ஓபிஎஸ்ஸை முழுக்க மூடித் திறந்தால்தான் மாற்றம் நடப்புக்கு வரும். கேமை அட்மினிஸ்ட்ரேட்டராக ஓட்டினால் ஓபிஎஸ்ஸையும் அப்படியே ஓட்ட வேண்டும். சில ஆன்லைன் கேம்களில் ஏமாற்று வேலையைத் தடுக்கும் காவல் நிரல் இருக்கும். அது ஓபிஎஸ்ஸையும் சந்தேகித்து உள்ளே விடாது. அந்தக் கேம்களுக்கு மட்டும் டிஸ்பிளே கேப்சரோ விண்டோ கேப்சரோ போதும். அந்தக் காவலை மீறப் பார்க்க வேண்டாம் என்று கதிரிடம் கண்டிப்பாகச் சொல். அவன் கணக்கையே முடக்கிவிடுவார்கள்.

படம் வரத் தொடங்கியதும் அடுத்து விக்கல் வரலாம், அதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன். ஓபிஎஸ்ஸில் ஸ்டாட்ஸ் என்ற சிறு ஜன்னல் உண்டு. அதில் இரண்டு வரிகள் முக்கியம். வீடியோவில் அடுத்தடுத்து வரும் ஒவ்வொரு தனிப்படமும் ஒரு பிரேம். ரெண்டரிங், அதாவது படத்தை வரையும் வேலையின் தாமதத்தால் தவறிய பிரேம்கள் ஏறிக்கொண்டே போனால், கிராபிக்ஸ் சிப்பைக் கேமே முழுவதும் விழுங்கிவிட்டது என்று பொருள். கேமுக்குள் பிரேம் விகிதத்தை வினாடிக்கு 60-இல் நிறுத்தினால் ஓபிஎஸ்ஸுக்கும் கொஞ்சம் மூச்சு கிடைக்கும். என்கோடிங் தாமதத்தால் தவிர்த்த பிரேம்கள் ஏறினால், சுருக்கும் வேலை தாங்கவில்லை. அப்போது எக்ஸ்264 என்ற என்கோடரை மாற்ற வேண்டும், ஏனென்றால் அது பிராசஸரைப் பிழிந்து எடுக்கும். என்விடியாவில் வீடியோவைச் சுருக்குவதற்கென்றே என்வென்க் என்ற தனிப் பகுதி இருக்கிறது. அதற்கு மாற்றினால் கேமின் வேகம் பெரிதாகக் குறையாது. இந்த இரண்டு எண்களைப் பார்க்காமல் ரேம் கூட்டுவதும் ஹார்ட் டிஸ்க் மாற்றுவதும் வீண் செலவு. வினாடிக்கு 40 மெகாபிட் தரத்தில் எழுதினால்கூட, எட்டு பிட் ஒரு பைட் என்பதால், வினாடிக்கு 5 எம்பிதான் (மெகாபைட்) ஆகிறது. பழைய ஹார்ட் டிஸ்க்கே தாராளமாகத் தாங்கும். மணிக்கு 18 ஜிபி இடம் மட்டும் காலியாக இருக்க வேண்டும். நேரடியாகப் பென் டிரைவில் எழுத வேண்டாம். பலவற்றில் இருக்கும் எஃப்ஏடி32 என்ற சேமிப்பு முறையில் ஒரு கோப்பு 4 ஜிபியைத் தாண்டாது. இந்தத் தரத்தில் ஏறக்குறைய 14 நிமிடத்தில் அந்த வரம்பை எட்டிவிடும்.

பாழான பதிவைப் பற்றி உன்னைவிட நான் அதிகம் வருந்தினேன், ஏனென்றால் அது என் தொழிலிலும் அடிக்கடி காணும் துயரம். நீ அனுப்பிய படத்தில் கோப்பின் அளவு 11 ஜிபி என்று இருக்கிறது, நீளமோ 0:00. உள்ளே காட்சிகள் எல்லாம் இருக்கின்றன. ஆனால் எம்பி4 என்ற வீடியோக் கோப்பு வகையில் எந்தப் பிரேம் எங்கே இருக்கிறது என்ற அட்டவணை, பதிவை நிறுத்தும் நேரத்தில்தான் எழுதப்படும். கரண்ட் போனதால் அது எழுதப்படவே இல்லை. பொருளடக்கமும் பக்க எண்ணும் இல்லாத பெரிய புத்தகம் மாதிரி கிடக்கிறது. அழித்துவிடாதே. அன்ட்ரங்க் என்ற ஓர் இலவசக் கருவி இருக்கிறது. அதே லேப்டாப்பில், அதே செட்டிங்ஸில் எடுத்த நல்ல கோப்பு ஒன்றை மாதிரியாகக் கொடுத்தால், அதைப் பார்த்து உடைந்ததைச் சீராக்க முயலும். எல்லாச் சமயமும் கைகொடுக்காது, ஆனாலும் முயன்று பார்க்கலாம்.

இனிமேல் எம்கேவி என்ற வேறு கோப்பு வகையில் பதிவு செய்யச் சொல். அதில் கரண்ட் போனாலும் அதுவரை எழுதியது பிழைக்கும். எடிட் செய்ய எம்பி4 தேவையென்றால் ஓபிஎஸ்ஸின் ஃபைல் மெனுவில் ரீமக்ஸ் இருக்கிறது. தரம் கொஞ்சமும் குறையாமல் சில நொடிகளில் மாற்றித் தரும். 2024-இல் வந்த 30.2 பதிப்பிலிருந்து ஹைப்ரிட் எம்பி4 என்ற ஒன்றும் இருக்கிறது, அதுவும் இடையில் நின்றால் தாங்கும். மின்தடைக்குப் பழகிய நம் ஊரில் வெறும் எம்பி4-இல் ஒரு மணி நேரம் பதிவு செய்வது எனக்கு ஒப்பவே இல்லை.

பிளேஸ்டேஷனுக்கு வருகிறேன். அதில் கறுப்புத் திரை வருவதற்குப் பெரும்பாலும் எச்டிசிபி என்ற நகல் தடுப்புதான் காரணம். எச்டிஎம்ஐ கம்பியின் மறுமுனையில் இருப்பது டிவியா, பதிவுக் கருவியா என்று அது விசாரிக்கும். சரியான பதில் வராவிட்டால் படத்தைத் தராது. செட்டிங்ஸில் சிஸ்டம், அதில் எச்டிஎம்ஐ, அங்கே எச்டிசிபியை அணைக்கலாம். அணைத்திருக்கும்வரை சினிமா பார்க்கும் செயலிகள் ஓடாது, அதனால் வீட்டில் சண்டை வராமல் இருக்க, பதிவு முடிந்ததும் திரும்பப் போட்டுவிடச் சொல். எக்ஸ்பாக்ஸில் இந்த வேலையே இல்லை, கேம் ஓடும்போது அது தானாகவே விலகிக்கொள்ளும். பிளேஸ்டேஷன் 3-இல் அணைக்கவே வழி கிடையாது.

கேப்சர் கார்டை நீலநிற யுஎஸ்பி 3 துளையில் செருகியிருக்கிறீர்களா என்றும் பார். 1080 தரத்தில் வினாடிக்கு 60 பிரேம் என்றால், சுருக்காத படம் வினாடிக்கு 249 எம்பி ஆகும். யுஎஸ்பி 2-இன் உச்சமே 60 எம்பிதான். மலிவான கார்டுகளின் பெட்டியில் 4கே என்று பெரிதாக அச்சிட்டிருக்கும். பலவற்றில் உள்ளே வாங்குவதுதான் 4கே, கணினிக்குத் தருவது 1080. நிறம் வெளுத்துத் தெரிந்தால் பிளேஸ்டேஷனில் எச்டிஆர் என்ற கூடுதல் ஒளி-நிற அமைப்பை அணைத்துவிடு.

உண்மையில் கதிருக்கு இப்போதைக்குக் கேப்சர் கார்டே தேவையில்லை என்பது என் எண்ணம். கையில் இருக்கும் கன்ட்ரோலரின் கிரியேட் பொத்தானே ஒரு மணி நேரம்வரை பதிவு செய்யும். மைக் ஒலியையும் சேர்க்கும்படி அமைப்பில் சொல்லிவிட வேண்டும், இல்லையென்றால் அவன் பேசியது எதுவும் பதிவாகாது. கோப்பு வகையை எம்பி4 என்று வைத்துக்கொண்டால் எடிட்டிங் மென்பொருள் முரண்டு பிடிக்காது. சில கேம்களில் முக்கியமான காட்சி வந்ததும் பதிவு தானாக நின்றுவிடும். அது கேம் செய்தவர்களே போட்ட தடை, கோளாறு இல்லை.

குரலைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும், எனக்கு இதுதான் எல்லாவற்றையும்விட முக்கியம். ஓபிஎஸ்ஸில் ஒலியைத் தனித்தனி டிராக்காகப் பதியலாம், ஆறு வரை இடம் இருக்கிறது. கேமின் சத்தம் ஒன்றில், கதிரின் குரல் ஒன்றில் இருக்கட்டும். வெடிச்சத்தத்தில் குரல் அமுங்கிப்போனால் பிறகு எடிட்டிங்கில் ஒன்றைக் குறைத்து மற்றதை ஏற்றலாம். ஒன்றாகக் கலந்துவிட்டால் பிரிக்கப் படாதபாடு பட வேண்டும். விண்டோஸிலும் ஓபிஎஸ்ஸிலும் ஒலியின் சாம்பிள் ரேட்டை 48 கிலோஹெர்ட்ஸ் என்று ஒரே அளவாக வைக்கட்டும். போனில் எடுத்த காட்சியைச் சேர்த்தால் இன்னொரு எச்சரிக்கை. போன்கள் பிரேம் விகிதத்தைக் கூட்டியும் குறைத்தும் பதிவு செய்கின்றன. கல்யாண வீட்டு உறவினர்கள் அனுப்பும் போன் வீடியோக்களை டைம்லைனில் அப்படியே போட்டால், நேரம் போகப் போக ஒலி விலகி, கெட்டிமேளம் முன்னே கேட்கும், தாலி பின்னே ஏறும். ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருளில் பிரேம் விகிதத்தைச் சீரானதாக மாற்றிய பிறகே நான் கை வைக்கிறேன்.

இவற்றைச் செய்தும் சரியாகாவிட்டால், ஒரு நிமிடம் மட்டும் பதிவு செய்து, ஓபிஎஸ்ஸின் ஹெல்ப் மெனுவில் இருக்கும் லாக் கோப்பை எனக்கு அனுப்பச் சொல். தொடக்கத்தில் எந்தச் சிப்பில் ஓடியது என்றும், கடைசியில் எத்தனை பிரேம் தவறியது என்றும் அதிலேயே எழுதியிருக்கும். ஐப்பசியில் திருச்சிப் பக்கம் இரண்டு கல்யாணங்கள் இருக்கின்றன. வந்தால் உன் வீட்டில்தான் தங்குவேன். அந்த 11 ஜிபி கோப்பையும் அதே நாளில் எடுத்த நல்ல கோப்பு ஒன்றையும் ஒரு டிஸ்க்கில் எடுத்து வைக்கச் சொல்.

அன்புடன்,
ரவி