சுல்தானாவுக்கு அரைப் பக்கம்

பள்ளி வரலாற்றுப் பாடநூல்களைத் தொகுக்கும் குழுவினருக்கு,

வணக்கம். என் மகளின் அமெரிக்க வரலாற்று நூலில், 1865 ஏப்ரல் 14 அன்று லிங்கன் சுடப்பட்டதும், கொலையாளி பூத் அதே மாதம் 26ஆம் தேதி கொல்லப்பட்டதும் படங்களுடன் உள்ளன. அதற்கு மறுநாள் அதிகாலை, மெம்பிஸ் நகருக்கு வடக்கே மிசிசிப்பி ஆற்றில் சுல்தானா என்ற நீராவிக் கப்பல் வெடித்துச் சிதறியதற்கு ஒரு வரிகூட இல்லை. நாட்டின் கப்பல் விபத்துகளிலேயே அதிக உயிர்களைக் குடித்தது அதுவே என்பது தாங்கள் அறியாததல்ல. அதற்கு அரைப் பக்கம் ஒதுக்கக் கோரியே இம்மடல்.

376 பேருக்கு மட்டுமே உரிமம் பெற்றிருந்த அக்கப்பலில், விக்ஸ்பர்க் துறையில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோரை அடைத்தார்கள். பெரும்பாலோர், அமெரிக்க உள்நாட்டுப் போரில் பிடிபட்டு, தென்மாநிலத்தாரின் ஆண்டர்சன்வில், கஹாபா சிறைமுகாம்களிலிருந்து எலும்பும் தோலுமாய் மீண்டு, வீடு திரும்பிக்கொண்டிருந்த வடபுலப் படைவீரர்கள். ஏற்றிச்செல்லும் வீரர் ஒருவருக்கு 5 டாலர் எனக் கப்பல்காரர்களுக்கு அரசு கூலி கொடுத்தது. ஆகவே வேறு கப்பல்கள் துறையில் நிற்க, இதன் தளம் பாரத்தால் தொய்ந்தபோது கட்டைகளை முட்டுக்கொடுத்து மேலும் ஆள் ஏற்றினார்கள். புடைத்திருந்த கொதிகலனை முறையாகச் சரிசெய்யச் சில நாட்களாகும், அதற்குள் ஆட்கள் கைநழுவிவிடுவார்கள் என்பதால், மெல்லிய தகடொன்றை ஒட்டுப்போட்டுக் கிளப்பிவிட்டார்கள்.

இரவு இரண்டு மணியளவில் கொதிகலன்கள் வெடித்தன. கொதிநீரிலும் தீயிலும் தப்பியவர்கள் குதித்தது, பனி உருகிய நீர் கரைபுரண்டோடிய வெள்ளத்தில். சிறையில் வற்றிய உடம்பில் நீந்தத் தெம்பு ஏது? ஒருவர், கப்பலில் வளர்த்த முதலையைக் கொன்று, அது கிடந்த பெட்டியைப் பற்றி மிதந்து பிழைத்தார். மரக்கிளைகளைப் பற்றியவர்கள் விடியும்வரை குளிரில் விறைத்திருந்தார்கள்.

தண்டனை எவருக்கும் இல்லை. ஓர் அதிகாரிக்கு விதித்த தீர்ப்பும் பின்னர் ரத்தானது. லிங்கனின் பரிந்துரை பெற்றிருந்த விக்ஸ்பர்க் தளவாட அதிகாரி ஹாட்ச், அழைப்பாணை அனுப்பியும் சாட்சிக் கூண்டுப் பக்கமே வரவில்லை. சுல்தானாவில் கோடீஸ்வரர் கூட்டம் எதுவும் இல்லை. இருந்திருந்தால் டைட்டானிக்கைப் போல இதையும் நாம் மனப்பாடம் செய்திருப்போம். மன்னிக்கவும், கேட்க வந்தது அதுவல்ல.

படத்துக்கும் தாங்கள் அலைய வேண்டியதில்லை. வெடிப்புக்கு முந்தைய நாள், வழியிலிருந்த ஹெலினா என்ற ஊரில் எடுத்த புகைப்படம் இருக்கிறது. அதில் தளமெங்கும் தலைகளே தெரிகின்றன. அடுத்த பதிப்பில் அரைப் பக்கம் தந்து, அப்படத்தின் கீழே 376 என்ற எண்ணையும் அச்சிடுமாறு பணிவுடன் வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஒரு மாணவியின் தந்தை