தாத்தாவின் பஞ்சிரு

பாப்பாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். ஞாயிற்றுக்கிழமை போனில் எங்கள் மலேசியப் பயணத்தின் பினாங்குக் கதையைச் சொல்ல ஆரம்பித்தபோது நீ டப்ளினில் டிராமில் ஏறிக்கொண்டிருந்தாய். பாதியில் லைன் போய்விட்டது. மறுபடி கூப்பிட்டு முதலிலிருந்து சொல்ல மனம் வரவில்லை. இதைப் பேச்சில் பாதியும் குறையுமாகச் சொல்லிவிடக் கூடாது என்று தோன்றியது, அதான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

நீ பணம் கட்டிப் பதிவு செய்து கொடுத்த அந்தச் சாப்பாட்டு நடையைப் பற்றி முதலில் என் குறையைச் சொல்லிவிடுகிறேன். சாப்பிடுவதற்கு எதற்கம்மா வழிகாட்டி? மூக்கு இருக்கிறது, கால் இருக்கிறது. நாகப்பட்டினத்தில் எந்தக் கடையில் எத்தனை மணிக்குப் பரோட்டா நன்றாக இருக்கும் என்று யாராவது கொடி பிடித்துக்கொண்டு எனக்குக் காட்டினார்களா? அதுவும் எட்டுப் பேருக்கு நடுவில் ஒரு தட்டு வைத்து, ஆளுக்கு ரெண்டு வாய் எடுத்துக்கொண்டு அடுத்த கடைக்கு நட என்றால் அதற்குப் பெயர் சாப்பாடா? அம்மாவுக்கும் முதல் அரை மணி நேரம் முகம் சரியில்லை. "பிள்ளை ஆசையா பண்ணிருக்கு, வாயை மூடிட்டு வாங்க" என்றாள். வந்தேன்.

எங்களைக் கூட்டிப்போனது பினாங்கின் தலைநகரான ஜார்ஜ் டவுனிலேயே பிறந்து வளர்ந்த ஒரு சீன அம்மா. ஐம்பது வயதிருக்கும். ஹொக்கியன், மலாய், ஆங்கிலம் மூன்றும் சரளம். தமிழில் "வாங்க", "சாப்பிட்டீங்களா", "போதும்", "அண்ணே" என்று நாலு சொல் தெரியும். அந்த ஊரில் பிழைக்க அது போதுமாம். கூட வந்தவர்கள் ஒரு ஆஸ்திரேலியத் தம்பதி, கொரியாவிலிருந்து ரெண்டு பெண்கள், ஜெர்மன்காரர் ஒருவர், யாரோடும் பேசாத இன்னொருவர், அப்புறம் நாங்கள்.

முதலில் ஒரு கோப்பித்தியாம். 'கோப்பி' மலாய், 'தியாம்' ஹொக்கியனில் கடை. பேரிலேயே ரெண்டு மொழி. அங்கே ஒரு சூட்சுமம் இருக்கிறது. காப்பி, டீ விற்பது மட்டும்தான் கடைக்காரர். சுற்றி நிற்கும் சாப்பாட்டு வண்டிகளெல்லாம் இடத்துக்கு வாடகை கொடுத்து நிற்பவர்களுடையவை. நான் நூடுல்ஸ் வறுக்கிறவரிடம் போய்க் காப்பி கேட்க, அவர் கரண்டியாலேயே மூலையைக் காட்டினார். 'கோப்பி ஓ' என்றால் கறுப்பு. வெறும் 'கோப்பி' என்றால் கெட்டிப் பால் ஊற்றியது. கொட்டையைச் சர்க்கரையும் மார்ஜரினும் போட்டு வறுப்பதால் காப்பியில் ஒரு கருகல் மணம் வருகிறது. அம்மா ஒரு வாய் குடித்துவிட்டு "பால்கோவாவைக் கரைச்ச மாதிரி இருக்கு" என்றாள். ஆனால் டம்ளரைக் காலி செய்துவிட்டாள்.

அடுத்து சார் குவே தியோ. பட்டையான அரிசி நூடுல்ஸ், இறால், மட்டி, முளைப்பயிறு எல்லாம் போட்டுப் பேய்த் தீயில் புரட்டுவது. ஒரு நேரத்தில் ஒரு தட்டுதான் வறுப்பாராம் அந்தக் கிழவர். பத்துப் பேர் காத்திருந்தாலும் அதே கதைதான், மொத்தமாகப் போட்டால் சட்டியின் சூடு இறங்கிவிடும். பன்றிக் கொழுப்பில் வறுப்பது என்றதும் அம்மா கைக்குட்டையால் வாயைத் துடைத்துக்கொண்டு ரெண்டடி பின்னால் போய்விட்டாள். நான் சாப்பிட்டேன். இதை உன் மாமியாரிடம் சொல்ல வேண்டாம்.

சின்ன இந்தியாவுக்குள் நுழைந்ததும் ஒரே வேடிக்கை. அந்த அம்மா ஒரு கடை வாசலில் நின்று, கறிவேப்பிலையை ஒடித்து ஆளுக்கொரு இணுக்கு கையில் கொடுத்து, கசக்கி முகரச் சொன்னார். ஜெர்மன்காரர் கண்ணை மூடிக்கொண்டு முகர்ந்தார். நானும் பவ்வியமாக முகர்ந்தேன். உன் அம்மா சிரித்த சிரிப்பில் கடைக்காரப் பையன் வெளியே வந்து பார்த்தான். அந்தத் தெருவுக்கு ஆங்கிலத்தில் மார்க்கெட் ஸ்ட்ரீட். நம் ஆட்களுக்கு அது 'கடைத்தெரு'. தாத்தா எப்போதாவது வாயைத் திறந்தால் "கடைத்தெருவுல இருக்கும்போது" என்றுதான் தொடங்குவார். நான் நம்மூர்க் கடைத்தெருவைச் சொல்கிறார் என்றே இத்தனை வருஷம் நினைத்துக்கொண்டிருந்தேன்.

உனக்குத் தாத்தாவின் பினாங்கு பற்றி எவ்வளவு தெரியும் என்று எனக்குத் தெரியவில்லை. எனக்கே கொஞ்சம்தான் தெரியும். 1951-இல் நாகப்பட்டினத்தில் 'ரஜூலா' கப்பல் ஏறினார். கப்பல் கரைக்கு வராது, கடலில் தள்ளி நிற்கும், படகில் போய் ஏற வேண்டும். அங்கே ஒரு மளிகைக் கடையில் கணக்கு எழுதினார். இடையில் ஒரு தடவை லீவில் வந்து போனார், அதன் பலன்தான் நான். ஒரேயடியாகத் திரும்பியது 1964-இல், எனக்கு ஆறு வயது. ஒரு தகரப் பெட்டியும் ஒரு குடையுமாக வந்து திண்ணையில் உட்கார்ந்தவர் என்னைப் பார்த்து "இவன்தானா" என்றார். பதின்மூன்று வருஷத்தை அந்தப் பெட்டியோடு சேர்த்துப் பரண்மேல் போட்டுவிட்ட மாதிரி, எதையும் சொல்ல மாட்டார். கேட்டால் "அங்க மழை ஜாஸ்தி" என்பார், அவ்வளவுதான்.

குவீன் தெருவில் 1833-இல் கட்டிய மாரியம்மன் கோயில். அங்கிருந்து நடக்கும் தூரத்திலேயே சீனர்களின் கருணைத் தேவி கோயில், 1818-இல் கட்டிய தேவாலயம், நம் முஸ்லிம் வணிகர்கள் 1801-இல் தொடங்கிய கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல். ஒற்றுமைத் தெரு என்று அந்த அம்மா மனப்பாடமாக ஒப்பித்தார். அதில் எனக்குக் கொஞ்சம் சந்தேகம்தான். பக்கத்தில் பக்கத்தில் இருந்தால் அது ஒற்றுமையாகிவிடுமா? 'கெலிங்' என்பதே இன்று அந்த நாட்டில் நம்மவர்களை இளப்பமாகச் சொல்லும் சொல், பள்ளிவாசல் பெயரில் மட்டும் பழைய மரியாதையோடு நின்றுவிட்டது. அதை அவர் சொல்லவில்லை. சூலியா தெரு முனையில் நாகூர் ஆண்டவர் பெயரில் ஒரு சின்ன தர்கா இருக்கிறது, அதையும் அரை நிமிஷத்தில் கடந்துவிட்டார். நானும் அம்மாவும் நின்றுவிட்டோம். நம் வீட்டிலிருந்து பஸ்ஸில் போகும் தூரத்தில் இருக்கிற நாகூரை இங்கே இருநூறு வருஷத்துக்கு முன்னாலேயே கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள் பார். அவர் திரும்பி வந்து "அண்ணே, வாங்க, வாங்க" என்று கூப்பிட்டுப் போனார்.

அடுத்து நாசி கண்டார் கடை. நான் எழுத உட்கார்ந்ததே இதற்காகத்தான்.

'நாசி' சோறு. 'கண்டார்' என்பது தோளில் வைக்கும் கம்பு. அந்தக் காலத்தில் நம் தமிழ் முஸ்லிம்கள் காவடி மாதிரி ஒரு கம்பின் ஒரு பக்கம் சோற்றுப் பானையும் மறுபக்கம் குழம்புமாகத் தூக்கிக்கொண்டு துறைமுகத்தில் மூட்டை தூக்குகிறவர்களுக்கு விற்றார்களாம். கடையநல்லூர், தென்காசி, ராமநாதபுரம் பக்கத்திலிருந்து போன குடும்பங்கள் இந்தத் தொழிலில் நிறைய. அவர்களை அங்கே 'மாமாக்' என்கிறார்கள். நம் 'மாமா'தான்.

வரிசையில் நின்றோம். கண்ணாடிக்குப் பின்னால் பெரிய பெரிய சட்டிகள்: மீன், கோழி, கணவாய், வெண்டைக்காய், பருப்பு. அகப்பை பிடித்திருந்தவர் ஒரு தட்டில் சோற்றைக் கவிழ்த்துவிட்டு ஒரு துண்டு கோழி வைத்தார். அப்புறம் மீன் சட்டியிலிருந்து ஒரு அகப்பை, கணவாயிலிருந்து ஒன்று, பருப்பிலிருந்து ஒன்று, கோழிக் குழம்பு ஒன்று, எல்லாம் அதே சோற்றின் தலையில். குழம்புகள் ஒன்றோடொன்று கலந்து தட்டின் விளிம்புவரை வந்து நின்றன. நம் வழிகாட்டி அம்மா எல்லாரையும் பார்த்து, "இப்படி ஊற்றச் சொல்லிக் கேட்க வேண்டும் என்றால் ஒரே ஒரு வார்த்தை" என்று சொல்லிவிட்டு அந்த வார்த்தையையும் சொன்னார்.

"பஞ்ஜிர்."

பாப்பா, எனக்குக் கை உதறிவிட்டது.

உன் அலமாரியைத் திறந்தால் அம்மா என்ன சொல்வாள்? "ஒரே பஞ்சிரு." மழையில் மிதக்கிற தெருவைப் பார்த்தால் அண்ணன் என்ன சொல்வான்? நம் வீட்டைத் தவிர உலகத்தில் யாரும் சொல்லாத சொல் அது. தாத்தா இலையில் உட்கார்ந்தால் சாம்பார், வத்தக்குழம்பு, ரசம், முந்தின நாள் மீன் குழம்பு எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் சோற்றில் ஊற்றச் சொல்வார். "பஞ்சிரு ஊத்து" என்பார். அப்பாயிக்கு எரிச்சலாக வரும். "மனுசன் திங்கிற மாதிரியா இருக்கு" என்று முணுமுணுத்துக்கொண்டே ஊற்றுவாள். பஞ்சாமிர்தம் என்பதைத்தான் வாய் குழறி அப்படிச் சொல்கிறார் என்பது அவள் முடிவு. அவள் சொன்னதையே நாங்களும் நம்பினோம். மலாயில் அதற்கு வெள்ளம் என்று அர்த்தமாம்.

அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். "என்னங்க, மாமா" என்று மட்டும் சொன்னாள். அகப்பைக்காரர் நாங்கள் பேசுவதைக் கேட்டு, "எந்த ஊருங்க?" என்று தமிழில் கேட்டார். நாகப்பட்டினம் என்றேன். அவருடைய தாத்தா கடையநல்லூராம், அவர் இன்னும் போனதில்லையாம். என் தட்டில் இன்னொரு அகப்பை ஊற்றினார்.

நான் அந்தத் தட்டை யாருக்கும் பங்கு கொடுக்கவில்லை. எட்டுப் பேருக்கு ஒரு தட்டு என்ற விதியை அன்று நான் மீறினேன், வழிகாட்டி அம்மாவும் கண்டுகொள்ளவில்லை. சாப்பிடச் சாப்பிட எனக்குத் தோன்றியது இதுதான்: துறைமுகத்துப் பக்கம் தனியாக இருந்த ஒரு ஆள் மத்தியானம் இப்படி ஒரு கடையில் நின்று சாப்பிட்டிருக்கிறார். பிடித்துப் போயிருக்கிறது. ஊருக்கு வந்த பிறகும் அந்த ருசி தேவைப்பட்டிருக்கிறது. கேட்டு வாங்க அவருக்குத் தெரிந்தது அந்த ஒரு சொல்தான். வீட்டில் ஒருவருக்கும் அது புரியவில்லை. நாங்கள் சிரித்தோம்.

அதற்கப்புறம் எனக்கு ஒன்றும் இறங்கவில்லை. கேங் குவீ சந்தில் வாங்கிக் கொடுத்த அசாம் லக்சா முழுக்க அம்மாவுக்குத்தான். அதைப் பற்றி அவளிடமே கேள், அரை மணி நேரம் பேசுவாள். கானாங்கெளுத்தியை வேகவைத்து உதிர்த்து, புளி கரைத்து ஊற்றி, அதில் அரிசி நூடுல்ஸ். மேலே அன்னாசி, வெள்ளரி, ஒரு இஞ்சிப்பூ, கறுப்பாக இறால் விழுது. "புளிக்குழம்புல பூ போட்டிருக்கான்" என்று நாலு தடவை சொன்னாள். நம்மூர்க் கானாங்கெளுத்தியில் செய்து பார்க்கப் போகிறாளாம். பூவுக்கு எங்கே போவது என்பதுதான் இப்போது வீட்டில் பிரச்சினை.

அதே சந்தில் 1936 முதல் நடக்கும் செண்டோல் கடை. எல்லாரும் நின்றுகொண்டுதான் சாப்பிடுகிறார்கள். துருவிய ஐஸ், தேங்காய்ப்பால், சிவப்பு அவரை, பச்சைப் புழு மாதிரி அரிசி மாவுத் துண்டுகள், மேலே குலா மலாக்கா என்கிற பனை இனத்து வெல்லப்பாகு. பச்சை நிறம் பாண்டான் இலையிலிருந்து வருகிறது, நம் தாழைக்கு உறவு. நான் கிண்ணத்தைக் கையில் வைத்துக்கொண்டு எங்கோ பார்த்துக்கொண்டிருந்தேன் போல. கிண்ணம் பொறுக்க வந்த பையன் என்னைப் பார்த்து, "சுடா?" என்றான்.

நான் ஐஸைப் பார்த்தேன், அவனைப் பார்த்தேன். வழிகாட்டி அம்மாதான் சொன்னார்: முடிந்ததா, ஆயிற்றா என்று கேட்கிறான்.

தாத்தா சாப்பிட்டு முடிக்கும்போது கையை இலைக்கு மேலே குடை மாதிரி கவித்து "சுடா, சுடா" என்பார். அப்பாயி உடனே ரசக் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு போய்ச் சூடு பண்ணிக்கொண்டு வருவாள். அவர் ஒன்றும் சொல்லாமல் அதையும் ஊற்றிச் சாப்பிடுவார். எத்தனை வருஷம்!

தாத்தா போனபோது உனக்கு ஏழு வயது. மத்தியானத்தில் அவர் பக்கத்தில்தான் படுத்துக்கிடப்பாய். உன்னிடம் ஏதாவது புரியாத சொல் சொல்லியிருந்தால், பாட்டு முணுமுணுத்திருந்தால், யோசித்து எழுது. அர்த்தம் தெரிய வேண்டியதில்லை, காதில் விழுந்தபடி எழுது. அந்த வழிகாட்டி அம்மாவின் நம்பரை வாங்கி வைத்திருக்கிறேன், அவரைக் கேட்டால் சொல்வார். நீ அனுப்பிய சுற்றுலாவைப் பற்றி முதலில் எழுதிய குறையை வாபஸ் வாங்கிக்கொள்கிறேன், ஆளுக்கு ரெண்டு வாய் என்பதைத் தவிர.

உனக்கு குலா மலாக்கா ரெண்டு கட்டியும், ஜாதிக்காய் வற்றல் ஒரு பொட்டலமும் வாங்கி வைத்திருக்கிறோம். எதிர்வீட்டுப் பையன் அடுத்த மாதம் அந்தப் பக்கம் வருகிறான், கொடுத்து அனுப்புகிறேன்.

நேற்று ராத்திரி சாப்பிட்டு முடித்துவிட்டு அம்மாவிடம் "சுடா" என்று சொல்லிப் பார்த்தேன். அவள் ரசக் கிண்ணத்தைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "ஆமா, ஆறித்தான் போச்சு" என்று அடுப்பங்கரைக்கு எடுத்துக்கொண்டு போனாள். வேண்டுமென்றேதான்.

அன்புடன்,
அப்பா