காரணம் எழுதச் சொல்லாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

தகவல் பெறும் உரிமைச் சட்டம் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையில், எதற்காகத் தகவல் தேவை என்ற காரணத்தையும் மனுவில் எழுதினால் பதில் விரைவில் கிடைக்கும் என்று ஒரு வரி இருந்தது. உங்கள் இதழில் இப்படி வந்தது வருத்தமாக இருக்கிறது. மனுதாரர் காரணம் சொல்லத் தேவையில்லை என்று பிரிவு 6(2) சொல்வது தாங்கள் அறியாததல்ல. காரணத்தை எழுதிக் கொடுத்தால் அதையே பிடித்துக்கொண்டு, 'இது குறைதீர் மனு, உரிய அலுவலரை அணுகவும்' என்று திருப்பி அனுப்பிவிடுகிறார்கள்.

'எங்கள் தெருவுக்கு ஏன் சாலை போடவில்லை?' என்று கேட்பதும் இதே வகைதான். விளக்கம் கேட்டால் தர மாட்டார்கள். அலுவலகத்தில் இருக்கும் ஆவணத்தைக் கேட்டால் தந்தாக வேண்டும். ஆண்டைக் குறிப்பிட்டு, மதிப்பீடு, பணி ஆணை, செய்த வேலையை அளந்து பதியும் அளவுப் புத்தகம் ஆகியவற்றின் சான்றிட்ட நகல் என்று கேட்க வேண்டும். கோப்பு பெரிதென்றால் முதலில் நேரில் பார்வையிட அனுமதி கேட்டு, வேண்டிய பக்கங்களை மட்டும் குறித்துக்கொண்டு நகல் வாங்கலாம். மனுக் கட்டணம் 10 ரூபாய்க்குக் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டலாம், நகலுக்குப் பக்கத்துக்கு 2 ரூபாய். மக்களுக்கு வேண்டியது இந்த விவரங்கள்தான். கட்டுரையில் இவற்றுக்கு இடமில்லாமல் போயிற்று.

பதில் தருவதற்கான முப்பது நாள் கெடு தாண்டிவிட்டால் பிரிவு 7(6)-இன்படி தகவலை இலவசமாகத் தர வேண்டும். அதற்குப் பிறகும் பணம் கட்டச் சொல்லிக் கடிதம் வருகிறது, விவரம் தெரியாதவர்கள் கட்டுகிறார்கள். தகவலை மறுக்கக்கூடிய காரணங்களைச் சொல்பவை பிரிவு 8-உம் 9-உம். 'கோப்பு காணவில்லை' என்பது இரண்டிலும் இல்லை. ஆனாலும் அதையே பதிலாக அனுப்புகிறார்கள். முதல் மேல்முறையீட்டுக்குப் போனால், மனுவுக்குப் பதில் தரும் பொதுத் தகவல் அலுவலர் எழுதியதையே மேலதிகாரி மறுபடி எழுதி அனுப்புகிறார். நாளொன்றுக்கு 250 ரூபாய், அதிகபட்சம் 25,000 ரூபாய் என்று பிரிவு 20 அபராதம் வைத்திருக்கிறது. அந்த அபராதம் உறுதியாக விழுந்தால் இத்தனை அலட்சியம் இருக்குமா? 2005-இல் மத்தியச் சட்டம் வருவதற்கு முன்பே, 1997-இல் தனிச் சட்டம் கொண்டுவந்த மாநிலம் தமிழ்நாடு. அதை நினைத்தால்தான் மனம் ஆறவில்லை.

இப்போது 2023-ஆம் ஆண்டின் தரவுப் பாதுகாப்புச் சட்டம் தனிப்பட்ட தகவலை மறுப்பது பற்றிய பிரிவு 8(1)(ஜெ)-யையும் சுருக்கிவிட்டது. சட்டமன்றத்துக்கு மறுக்க முடியாத தகவலைக் குடிமகனுக்கும் மறுக்கக் கூடாது என்று அங்கிருந்த வரி போய்விட்டது. இனி எந்தப் பெயர் இருந்தாலும் 'தனிப்பட்ட தகவல்' என்று கதவைச் சாத்தலாம். மிஞ்சியிருப்பது, பொதுநலன் மேலோங்கினால் விலக்குள்ள தகவலையும் தரலாம் என்னும் பிரிவு 8(2). இப்படி மறுத்தால், மேல்முறையீட்டு மனுவில் அந்தப் பிரிவைச் சொல்லிப் பொதுநலனை விரித்து எழுத வேண்டும். காரணம் எழுத வேண்டிய இடம் அது ஒன்றுதான், முதல் மனு அல்ல.

அடுத்த இதழில், அதே பக்கத்தில், பிரிவு 6(2)-ஐக் குறிப்பிட்டு இரண்டு வரித் திருத்தம் வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்