இஸ்திரி வண்டி அண்ணனுக்கும் மற்ற எல்லோருக்கும்

அன்புள்ள எல்லோருக்கும்,

வெள்ளத்தில் நனைந்த என் கதை நோட்டுகள் பிழைத்துவிட்டன. மற்றதெல்லாம் அப்புறம். நேற்று ராத்திரி பத்தரை மணிக்குக் கடைசித் தாளும் காய்ந்து என் கைக்கு வந்தது. வீட்டுக்கு எடுத்து வந்து அலமாரியின் மேல்தட்டில் வைத்தேன். நடுராத்திரியில் இரண்டு தரம் எழுந்து போய்த் தொட்டுப் பார்த்தேன். தூக்கம் வரவில்லை. விடிந்ததும் இதை எழுத உட்கார்ந்துவிட்டேன்.

வெள்ளம் வந்த அந்த ராத்திரி வேளச்சேரியில் என்ன நடந்தது என்று மறுபடி எழுதப் போவதில்லை. உங்களில் பாதிப் பேர் அதே தண்ணீரில் நின்றவர்கள். மீதிப் பேர் விடிய விடிய எனக்குப் போன் போட்டுக்கொண்டே இருந்தவர்கள்.

முதலில் எல்லோருக்கும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். மாடியில் இடம் கொடுத்து எட்டு நாள் சோறும் போட்ட மாமிக்கு நன்றி. ஈர நோட்டைப் பிரிக்கப் பார்க்காதே, இரண்டே நாளில் பூஞ்சை பிடித்துவிடும், பிளாஸ்டிக் கவரில் சுற்றி உடனே ஃப்ரீசரில் வை, மற்றதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று போனிலேயே நிதானமாகச் சொல்லிக்கொடுத்த நூலகர் அக்காவுக்கு நன்றி. தெருவில் கரண்ட் இல்லாத நேரத்தில், ஜெனரேட்டரில் ஓடிய ஐஸ்கிரீம் பெட்டியில் பாதியைக் காலி செய்து என் நான்கு நோட்டுகளையும் உள்ளே வைத்த பேக்கரிக்காரருக்கு நன்றி. முன்பு நான் ஆசையாகப் படம் பிடித்து அனுப்பிய பக்கங்களைப் பழைய போன்களில் தேடித் தேடித் திருப்பி அனுப்பினீர்களே, அப்படி மட்டும் 61 பக்கம் வந்து சேர்ந்தது. உங்கள் ஒவ்வொருவரையும் நேரில் பார்த்துச் சொல்ல வேண்டும். சொல்வேன்.

ஆனால் இந்த மடலில் பெரும்பகுதி ஒருவருக்கே போகப் போகிறது. நீங்கள் யாரும் தப்பாக நினைக்க மாட்டீர்கள் என்று தெரியும்.

எங்கள் தெரு முனையில், புங்க மரத்தடியில் இஸ்திரி வண்டி வைத்திருக்கும் அண்ணன் அவர். பெயர் போட வேண்டாம் என்றார். போடவில்லை.

மழைக்கு முன்னால் தேய்க்கக் கொடுத்த துணியை வாங்கத்தான் அன்றைக்கு அவரிடம் போனேன். அவர் வண்டியும் தண்ணீரில் முங்கித்தான் கிடந்தது. ஆனால் தெருக்காரர்களின் துணி மூட்டையை மட்டும் தலையில் சுமந்துகொண்டு போய்ப் பள்ளிக்கூடத்து மாடியில் வைத்துக் காப்பாற்றியிருந்தார். என் ஆறு புடவையும் மடிப்புக் கலையாமல் இருந்தன. அதைக் கையில் கொடுத்துவிட்டு, "அது என்னம்மா பை, தண்ணி சொட்டுது?" என்று கேட்டார். பேக்கரியிலிருந்து அப்போதுதான் நோட்டுகளை வாங்கிக்கொண்டு வந்திருந்தேன். பனி இளகிச் சொட்டிக்கொண்டிருந்தது. இனி என்ன செய்வது என்று தெரியாமல்தான் தெருவில் நடந்துகொண்டிருந்தேன். அவர் முகத்தைப் பார்த்ததும் அழுதுவிட்டேன். நாலு வருஷமாகக் கையால் எழுதிய கதை அண்ணா, என்றேன்.

அவர் பையை வாங்கிப் பார்த்தார். ஒரு நோட்டின் ஓரத்தை இரண்டு விரலால் லேசாக அழுத்திப் பார்த்தார். "ஈரம் பாதி போவட்டும். ராத்திரி எட்டு மணிக்கு வேலை முடிஞ்சதும் எடுத்துட்டு வா" என்றார்.

அவர் பேப்பரைத் தேய்த்த விதத்தை எழுதாமல் என்னால் இருக்க முடியாது. பித்தளைப் பெட்டியில் கொட்டாங்குச்சிக் கரி தணிந்து, சாம்பல் பூத்து வரும் வரை காத்திருப்பார். விரலால் ஒரு சொட்டுத் தண்ணீரை அடியில் தெளிப்பார். சொய்யென்று சத்தம் வந்தால் இன்னும் சூடு அதிகம். பெட்டியை ஓரமாக வைத்துவிடுவார். சத்தமில்லாமல் சொட்டு மெதுவாக உலர்ந்தால்தான் ஆரம்பிப்பார். பழைய வெள்ளை வேட்டியை இரண்டாக மடித்து, நடுவில் ஒரே ஒரு தாள். துணிக்கு இழுப்பதுபோல் பெட்டியை இழுக்கவே இல்லை. வைத்தார், எடுத்தார், நகர்த்தி மறுபடி வைத்தார். வேட்டியைப் பிரித்தால் தாள் லேசாக வளைந்து, வெதுவெதுப்பாக, கரி வாசனையோடு வரும். ஒரு ராத்திரிக்கு 32 தாள். நான்கு நோட்டு, 384 தாள், 12 ராத்திரி. பகல் முழுக்க நின்று தேய்த்துவிட்டு வந்த கை அது.

கூலி எவ்வளவு என்று கேட்டேன். "துணிக்குத்தாம்மா ரேட்டு இருக்குது. பேப்பருக்கு யாரு ரேட்டு வச்சா?" என்றார். அதற்கு மேல் அந்தப் பேச்சை எடுக்க விடவில்லை.

கதை என்ன என்று தெரியாதவர்களுக்கு நான்கு வரி சொல்கிறேன். இல்லாவிட்டால் அடுத்து வருவது புரியாது. நான் கொடைக்கானலில் ஒரு விடுதிப் பள்ளியில் ப்ளஸ் ஒன் படித்த வருடம் 2006. அந்த வருடம் குறிஞ்சி பூத்தது. 12 வருடத்துக்கு ஒரு தரம் மலையே நீலமாகிற பூ. அடுத்து பூத்தது 2018-இல். விடுதி வாழ்க்கை என்றால் தெரியும்தானே. டிரங்குப் பெட்டி, ஞாயிற்றுக்கிழமை வார்டன் படித்துப் பார்த்து அனுப்பும் கடிதம், ஒன்பதரைக்கு விளக்கணைப்பு. சங்கத் தமிழில் குறிஞ்சித் திணைக்குக் கூடலை, அதாவது காதலர் சேர்வதை, வைத்தார்கள். பொழுது யாமம் என்ற நடுராத்திரி, காலம் குளிரடிக்கும் கூதிரும் முன்பனியும். விளக்கணைத்த பிறகு கம்பளிக்குள் கண்ணைத் திறந்து வைத்துப் படுத்திருக்கும் பதினாறு வயதுக்கு இதைவிடப் பொருத்தமான திணை வேறு எது? அந்தப் படுக்கையிலிருந்துதான் என் கதை வந்தது.

கதையில் வரும் விடுதிப் பெண்ணுக்குச் சலவைத் துணியில் போடும் நம்பர் 112. ஒரு சனிக்கிழமை சலவையிலிருந்து வந்த மூட்டையில் அவளுடையது அல்லாத ஒரு கைக்குட்டை இருக்கிறது. ஓரத்தில் கறுப்பாக 37. எதிர்ச் சரிவில் இருக்கும் பையன்கள் விடுதியில் ஒருவனுடைய நம்பர். அவள் திருப்பிக் கொடுத்தாலும் அடுத்த சனிக்கிழமை அவளிடமே வந்துவிடுகிறது. ஒரு நாள் ராத்திரி தலையணைக்கடியில் இருந்த கைக்குட்டை நனைந்திருக்கிறது. எதிர்ச் சரிவில் எங்கோ அவன் அழுதால் இங்கே அது நனையும். கதையில் இருக்கும் மாயம் அவ்வளவுதான். அதற்கு மேல் நான் எதையும் சேர்க்கவில்லை.

அண்ணனுக்கு ஒரு மகள், ப்ளஸ் ஒன் படிக்கிறாள். மூன்றாம் நாளிலிருந்து அவளும் வண்டியடிக்கு வந்துவிட்டாள். தேய்த்த தாளை வரிசையாக அடுக்கும் வேலை அவளுக்கு. அடுக்கிக்கொண்டே படிக்க ஆரம்பித்து, பிறகு அப்பா கேட்கட்டும் என்று போன் டார்ச்சை வாயில் கவ்விக்கொண்டு, முடியாமல், என் கையில் கொடுத்து, சத்தமாகவே படிக்க ஆரம்பித்தாள். என் கதையை ஒருவர் வாய்விட்டுப் படித்து நான் கேட்டது அதுதான் முதல் தடவை. வெட்கப்பட வேண்டிய இடங்களில் குரலைத் தாழ்த்திக்கொண்டு வேகமாக ஓடுவாள். 37 பேசும் இடம் வந்தால் மட்டும் நிறுத்தி நிதானமாகப் படிப்பாள். அண்ணன் எதுவும் சொல்ல மாட்டார். பெட்டி வேட்டிமேல் உட்காரும் சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டிருக்கும்.

ஆறாவது ராத்திரி அவர் கேட்டார். "சரிம்மா, கைக்குட்டை மாறிப் போச்சு. மாத்துனது யாரு?"

அது மாயம் அண்ணா, தானாக நடக்கும் என்றேன்.

"மாயம்னா மாயமாவே இருக்கட்டும். ஆனா நம்பர் பாத்து மூட்டை கட்டுறவன் ஒருத்தன் இருப்பான் இல்ல? முப்பத்தேழு துணி நூத்திப் பன்னெண்டு மூட்டைக்குள்ள போவணும்னா அவன் கை வழியாத்தான் போவணும். அவன் எங்க?"

நான் பதில் சொல்லவில்லை. சொல்ல ஒன்றுமே இல்லை. மூன்று நோட்டு, நாற்பது அத்தியாயம். வார்டன் இருக்கிறார், மேட்ரன் இருக்கிறார், சிக் ரூம் நர்ஸ் இருக்கிறார், வானாய்வகத்துக்குக் கூட்டிப் போகும் இயற்பியல் மிஸ்கூட இருக்கிறார். என் கதையின் மாயம் முழுவதும் ஒரு சலவைத் துணியில் இருக்கிறது. ஆனால் சலவைக்காரர் ஒருவர்கூடக் கதையில் இல்லை. துணி போகிறது, துணி வருகிறது. நான்கு வருடத்தில் எனக்கு அது தோன்றவே இல்லை.

அன்றைக்கு ராத்திரி படுத்ததும் என் சொந்தப் பள்ளிக்கூடம் ஞாபகம் வந்தது. ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில் மலையில் எந்தத் துணியும் காயாது. சனிக்கிழமை மத்தியானம் மூடுபனிக்குள்ளிருந்து ஒரு பெரிய வெள்ளை மூட்டை தனியாக மேடேறி வருவதுபோல் தெரியும். பிறகுதான் அதன் கீழே ஒரு மனிதர் தெரிவார். நாங்கள் ஓடிப் போய் அவரவர் கட்டைப் பிடுங்குவோம். பெட்டிச் சூடு முழுதும் ஆறாத ஸ்வெட்டரை முகத்தோடு அணைத்துக்கொண்டு நிற்பேன். வீட்டை நினைத்து அழுகை வரும் நாட்களில் அந்தச் சூடு எனக்கு எவ்வளவு பெரிய விஷயமாக இருந்தது! அதைக் கொண்டு வந்தவர் பெயர் எனக்குத் தெரியாது. ஏழு வருடம் அங்கே இருந்தேன். ஒரு நாளும் கேட்டதில்லை.

மறுநாள் இதை அண்ணனிடம் சொன்னேன். அவர் அதற்கு ஒன்றும் சொல்லவில்லை. சேராங்கொட்டையைப் பற்றிச் சொன்னார். அவர் அப்பா காலத்தில் துணிக்குக் குறி போட்டது அதில்தானாம். கொட்டையை ஊசியால் குத்தினால் பால் வரும், அதைத் தொட்டுத் துணி ஓரத்தில் குறி வைத்து, மேலே சுண்ணாம்பைத் தடவினால் கறுத்துவிடும். வெள்ளாவியில் வைத்தாலும் போகாது. துணி கிழிந்தாலும் குறி இருக்கும். "ஆனா கையில பட்டுச்சுன்னா புண்ணு. எங்கப்பா விரல் நுனியெல்லாம் எப்பவும் வெந்து போய்த்தான் இருக்கும்" என்று தன் விரலைப் பார்த்துக்கொண்டே சொன்னார். மகள் படிப்பதை நிறுத்திவிட்டாள். தாத்தாவைப் பற்றி அதுவரை அவளுக்கும் இது தெரியாது என்று பிறகு சொன்னாள்.

முதல் மூன்று நோட்டும் பால் பாயின்ட் பேனாவில் எழுதியவை. அந்த மை எண்ணெய் கலந்தது. தண்ணீருக்கு அசையாமல் நின்றது. நான்காவது நோட்டை மட்டும் ஆசைப்பட்டு இங்க் பேனாவில் எழுதியிருந்தேன். 2018-இல் இரண்டு பேரும் பூத்த மலையில் மறுபடி பார்த்துக்கொள்ளும் அத்தியாயங்கள் அதில்தான் இருந்தன. பிரித்தபோது ஓர் எழுத்துகூட மிச்சமில்லை. தாளுக்குத் தாள் நீலம் மட்டும் பரவிக் கிடந்தது. விட்டுவிடுங்கள் அண்ணா, அதில் ஒன்றும் இல்லை என்றேன். "நீ எழுதுன தாள் தானேம்மா" என்று சொல்லிவிட்டு அந்த 96 தாளையும் அதே பொறுமையோடு, ஒவ்வொன்றாக, மூன்று ராத்திரி தேய்த்துக் கொடுத்தார். பாப்பா ஒரு தாளை டார்ச்சுக்கு எதிரே பிடித்துப் பார்த்துவிட்டு, "அக்கா, இது பூத்த மலை மாதிரியே இருக்குல்ல?" என்றாள்.

அந்த நோட்டை நான் எறியப் போவதில்லை. ஆனால் அதில் இருந்த முடிவை நினைவிலிருந்து திரும்ப எழுதவும் போவதில்லை. நிறையப் பேர் அதைத்தான் கேட்டீர்கள். கோபித்துக்கொள்ளாதீர்கள். கதையை முதல் அத்தியாயத்திலிருந்து மறுபடி எழுதுகிறேன். இப்போது அது விடிகாலை நான்கு மணிக்கு, ஏரிக்குக் கீழே ஒரு தகரக் கொட்டகையில், ஈரக் கரியை ஊதி ஊதிப் பற்ற வைக்கும் ஒரு மனிதரிடம் ஆரம்பிக்கிறது. அவர் விரல் நுனி வெந்திருக்கிறது. அவருக்கு 37-ஐயும் தெரியும், 112-ஐயும் தெரியும். யார் துணி ராத்திரி அழுததில் உப்புப் பட்டிருக்கிறது என்று தொட்டால் அவருக்குத் தெரியும்.

மழை விட்டதும் கொடைக்கானல் போகிறேன். பழைய ஆட்கள் யாராவது இருப்பார்கள். அந்த மூட்டையைச் சுமந்து வந்தவர் யார், அவர் பெயர் என்ன, இருக்கிறாரா, பிள்ளைகள் எங்கே என்று விசாரிக்காமல் கீழே இறங்க மாட்டேன். இதை உங்கள் எல்லோர் முன்னாலும் எழுதி வைக்கிறேன்.

அண்ணா, உங்களுக்கு இதைப் பாப்பா படித்துக் காட்டுவாள் என்று தெரியும். வேலை முடிந்து நீங்கள் உட்கார வேண்டிய 12 ராத்திரியை எனக்குக் கொடுத்தீர்கள். உங்கள் வீட்டு அக்கா சோற்றை மூடி வைத்துவிட்டுக் காத்திருந்தார்கள். ஒரு நாள்கூட முகம் சுளிக்கவில்லை. அவர்களுக்கும் என் நன்றியைச் சொல்லுங்கள்.

பாப்பா, நேற்று வண்டியைத் தள்ளிக்கொண்டு போகும்போது திரும்பிப் பார்த்து, 37 வருவானா அக்கா என்று கேட்டாய். எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது, பதில் சொல்லவில்லை. வருகிறான். புது முதல் அத்தியாயம் பாதி முடிந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் வண்டியடிக்கு எடுத்து வருகிறேன். நீதான் படிக்க வேண்டும். டார்ச்சை நான் பிடித்துக்கொள்கிறேன்.