தம்பி, ஹீட்டரைப் போடு

தம்பி,

போன் எடுத்தா வொய்ஸ்மெயிலுக்குத்தான் போகுது, அதான் எழுதுறன். கோவமில்லை. கிளாஸ்கோ குளிர், ஹீட்டரைப் போட்டுக்கொண்டு இரு, பில்லை அப்பா பாக்கிறன். அம்மா பருத்தித்துறை வடை பார்சலில போட்டிருக்கிறா, கிடைச்சா ஒரு மெசேஜாவது போடு.

நீ கிட்டார் வாசிக்கிற பப்பை மூடிட்டாங்களாம், சின்னக்கா சொன்னவ. அங்க நீ வாசிச்ச வீடியோவை கோயிலில எத்தனை பேருக்குக் காட்டினனான் தெரியுமே. வேலையைப் பற்றி நான் கேக்கேல்லை. ஆனா மூண்டு கிழமையா அம்மாவோட கதைக்காம இருக்கிறது சரியில்லை.

1981இல நான் இங்க கொவென்ட்ரியில. இங்க கான்லித் தொழிற்சாலையில ட்ரையம்ப் கார் செய்யிறதை அதுக்கு முதல் வருசமே நிப்பாட்டிட்டாங்கள், நாடு முழுக்க 25 லட்சம் பேருக்கு வேலையில்லை, மொட்டையடிச்ச இனவெறி ஸ்கின்ஹெட் பெடியளைக் கண்டா நாங்கள் ரோட்டுக்கு மற்றப் பக்கத்தால போவம், அந்த நேரம் பாத்து ஜூனில யாழ்ப்பாணம் லைப்ரரியை எரிச்ச செய்தி வருது. ஆரோட கதைக்கிறது? ஜூலையில லிவர்பூல் டொக்ஸ்டெத்தும் கலவரத்தில பத்தி எரிஞ்சுது. அப்பதான் எங்கட கொவென்ட்ரிப் பெடியள் ஸ்பெஷல்ஸின்ர கோஸ்ட் டவுன் பாட்டு மூண்டு கிழமை சார்ட்டில நம்பர் வன்னா நிண்டது. கறுப்பும் வெள்ளையும் சேந்த பாண்ட். அதில இருந்த ஜெரி டாமர்ஸ்தான் அந்தப் பாட்டை ஊர் ஊரா வாசிக்கப் போகேக்க கண்டதை வைச்சு எழுதினவர், லிவர்பூலில பூட்டின கடையள், நீ இருக்கிற கிளாஸ்கோவில கிழவியள் வீட்டுக் கப்பு சோசரை ரோட்டில வைச்சு வித்தது. பக்கத்து பர்மிங்ஹாமில ஒரு பாட்டுக் குறூப், வேலையில்லாதவைக்குக் காசு குடுக்கிற டோல் போமின்ர பேரையே தங்களுக்கு வைச்சது, யூபி 40 எண்டு. வேலையில்லை எண்டதை அந்தப் பெடியள் ஒளிக்கேல்லை, மேடையில ஏறிச் சொன்னாங்கள்.

நான் ஒளிச்சனான். எட்டு மாசம் எனக்கும் வேலை இல்லை தம்பி. அப்பப்பாவுக்கு வேலை நல்லாப் போகுது எண்டு மாசாமாசம் கடிதம் போட்டன், பெரியப்பாட்ட கடன் வாங்கிக் காசும் அனுப்பினன். அம்மாவுக்கே இது தெரியாது. இரவில ரேடியோவைக் காதோட வைச்சு அந்தப் பாட்டைக் கேட்டு அழுதிருக்கிறன். அப்பிடி இருந்தவன்தான், நீ ஏ லெவல் எடுக்கேக்க, பாட்டு சோறு போடாது எண்டு உன்ர பேஸ் கிட்டாரைக் கராஜில வைச்சுப் பூட்டினவன். பிறகு நீ உன்ர காசில வேற வாங்கினாய், நான் ஒண்டும் சொல்லேல்லை, மன்னிப்பும் கேக்கேல்லை.

அது இப்பவும் கராஜிலதான் கிடக்கு, கம்பியெல்லாம் கறள். சனிக்கிழமை ரெயினில கொண்டு வரட்டே? ஓம் எண்டு மட்டும் போடு. ஹீட்டரை நிப்பாட்டாதை.

அப்பா