ஜாஜா வெறும் வியாபாரியா?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஞாயிறு இணைப்பில் வந்த ஆப்பிரிக்க மன்னர்கள் கட்டுரையில், ஓபோபோ மன்னர் ஜாஜாவை 'பாமாயில் விற்றுப் பணம் சேர்த்தவர்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டீர்கள். நான் எண்ணெய்க் கப்பலில் இன்ஜினீயராக இருந்து ஓய்வு பெற்றவன். நைஜீரியாவின் போனி ஆற்று முகத்துவாரத்தில் சரக்குக்காக நங்கூரம் போட்டுக் காத்துக் கிடந்திருக்கிறேன். அந்த நீர்வழிகளைப் பார்த்தவனுக்கு, ஜாஜா முதலில் படைத்தலைவர். வியாபாரி என்பதெல்லாம் அப்புறம்.

1821 வாக்கில் இக்போ நாட்டின் அமைக்போவில் பிறந்து, சிறுவயதிலேயே போனி என்ற துறைமுக அரசுக்கு அடிமையாக விற்கப்பட்டவர். போனியின் வணிகக் குடும்பங்கள் சொந்தமாகப் போர்ப்படகு வைத்திருந்தன. ஐம்பது பேர் வரை துடுப்புப் போடும் நீண்ட மரப்படகு. முன்முனையில் இறுக்கிக் கட்டிய பீரங்கி. சரக்கும் சண்டையும் ஒரே தலைவர் கையில். அன்னா பெப்பிள் குடும்பத்துக்கு 1863இல் தலைவரானவர் இந்த முன்னாள் அடிமைதான்.

1869இல் ஓகோ ஜம்போ தலைமையிலான எதிர்க்குடும்பத்தோடு போர் மூண்டது. எதிரியின் கை ஓங்கியிருந்தது. ஜாஜா என்ன செய்தார்? அங்கிருந்த ஆங்கிலேய அரசின் பிரதிநிதியான கான்சல் மூலம் சமாதானம் பேசியபடியே, ஆட்களைக் கிழக்கே அண்டோனி பகுதிக்கு நகர்த்திவிட்டார். போனியின் 18 குடும்பங்களில் 14 அவர் பக்கம் சேர்ந்தன. இமோ ஆற்றின் முகத்துவாரத்தருகே ஓபோபோ பிறந்தது. பாமாயில் வரும் உள்நாட்டுச் சந்தைகளுக்கு அதுதான் வழி. வழியை மறித்ததும் போனி வியாபாரம் படுத்துவிட்டது. தோற்று ஓடினார் என்பவர்கள் அந்தச் சதுப்புக்காட்டு ஓடைகளில் ஒரு மணி நேரம் படகில் போய் வரட்டும். ஒரு ஓடையை அடைத்தால் எத்தனை பேர் தவிப்பார்கள் என்பது புரியும்.

1873 ஜனவரியில் பிரிட்டன் அவரை மன்னராக ஏற்றது. இன்றைய கானாவில் பிரிட்டன் நடத்திய அஷாந்திப் போருக்கு ஆள் அனுப்பியதற்காக 1875இல் விக்டோரியா ராணியிடமிருந்து வாளும் வந்தது. 1887இலோ, பத்திரமாகத் திரும்பலாம் என்று வாக்குக் கொடுத்துப் பேச அழைத்த கான்சல் ஜான்ஸ்டன், அவரைப் பிடித்து நாடு கடத்திவிட்டார். போரில் பிடிபடாதவர் பேச்சுவார்த்தையில் பிடிபட்டார். மேற்கிந்தியத் தீவுகளில் வைக்கப்பட்டிருந்தவர், 1891இல் ஊர் திரும்பும் வழியில் டெனெரீஃப் தீவில் இறந்தார்.

அடுத்த முறை அவரைப் பற்றி எழுதும்போது படத்தோடு ஒரு வரைபடமும் போடுங்கள். போனி, ஓபோபோ, இமோ ஆறு மூன்றும் அதில் இருந்தால் போதும்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற கப்பல் இன்ஜினீயர், உங்கள் வாசகர்