மூத்தவளுக்கு, செங்கோட்டையிலிருந்து

அன்புள்ள மகளுக்கு,

அம்மா எழுதுகிறேன். சாரல் தொடங்கிவிட்டது. பின்சுவர் வழக்கம்போல் ஊறிக் கிடக்கிறது. அப்பாவுக்குச் சர்க்கரை பரவாயில்லை. நீ நம் வம்சாவளி எழுதுவதாகவும், பழைய பத்திரங்கள் வேண்டும் என்றும் தம்பியிடம் கேட்டாயாம். என்னிடமே கேட்டிருக்கலாம். போகட்டும்.

ஆச்சியின் தகரப் பெட்டியைத் திறந்து மூன்று நாளாகப் படித்தேன். நம் ஊர் 1956 நவம்பர் 1 அன்றுதான் மதராஸோடு சேர்ந்தது. அதுவரை மலையாளத்துச் சீமை. அதனால் பத்திரங்களில் கொல்லம் ஆண்டு, அதாவது மலையாள ஆண்டு இருக்கும். இங்கிலீஷ் வருடம் வேண்டுமானால் சிங்க மாதம் (நம் ஆவணி) முதல் டிசம்பர் வரை 824 கூட்டு; ஜனவரி பிறந்தால் 825. பிசகினால் கல்யாணத்துக்கு முன்பே பிள்ளை பிறந்துவிடும்! கணக்கில் நீ கெட்டிக்காரிதான், ஆனால் அவசரக்காரி.

முதலில் நிலம் எப்படிக் கைக்கு வந்தது என்று சொல்லும் வரிகளைப் படி. 'பூர்வீகமாய்ப் பாத்தியப்பட்ட' என்று ஒரே வாக்கில் முடித்திருந்தால் லாபமில்லை. 'தகப்பனார் இன்ன ஆண்டு எழுதிய பாகப் பத்திரப்படி' என்றிருந்தால் ஒரு தலைமுறை மேலே ஏறலாம். பிறகு நான்கெல்லை. நம் வயலுக்குத் தெற்கே ஒரு பெயர் வருகிறதே, அவர் பூட்டனின் தம்பி. பாகம் பிரித்தால் பக்கத்துப் பக்கத்து வயல்தானே. வீட்டில் யாரும் அவர் பெயரைச் சொல்லி நான் கேட்டதில்லை.

1975-க்குப் பிந்தைய வில்லங்கம் கணினியில் கிடைக்கும். அதற்கு முந்தையது கணினியில் இல்லாவிட்டால் சார்பதிவாளர் அலுவலகத்தில் மனுக் கொடுத்துக் கையால் தேட வேண்டும். பழைய சர்வே எண், புதிய எண் இரண்டையும் எழுதிக் கொடு. திருவனந்தபுரம் கோட்டைப் பகுதி ஆவணக் காப்பகத்தில் ஓலைச் சுருணைகள், அதாவது சுருட்டி வைத்த ஓலைக் கட்டுகள் இருக்கின்றன. அவற்றில் வட்டெழுத்து, கோலெழுத்து போன்ற பழைய எழுத்துகள். படிக்க இந்தப் பிறவி போதாது. அங்கே போகிறேன் என்று லீவு போட்டு உடம்பைக் கெடுத்துக்கொள்ளாதே. பத்திரங்களை லேமினேட் செய்யாதே. இங்கே ஒருவர் செய்து, மடிப்போடு எழுத்தும் போயிற்று. மலையாளத்தில் உள்ளவற்றை நீதான் எனக்குப் படித்துச் சொல்ல வேண்டும். கொச்சியில் இத்தனை வருடம் இருந்து கற்றுக்கொண்டவள். நம் குடும்பத்தில் வேறு யாருக்கு அந்தச் சாமர்த்தியம்?

பட்டாவிலும் கந்தாய (நிலவரி) ரசீதிலும் ஆண்களின் பெயர்தான் வரிசையாக வருகிறது. பெண்கள் எங்கே என்று தேடினேன். பங்கை விட்டுக்கொடுத்து எழுதும் விடுதலைப் பத்திரத்தில் இருக்கிறார்கள். 1103 துலாம் மாதம், நம் ஐப்பசி (824 கூட்டு, 1927), பூட்டி தன் தாய் வழி வந்த நிலத்தை அண்ணனுக்கு விட்டுக்கொடுத்திருக்கிறாள். உனக்கு வைத்த பெயர், அதன் அருகே கைநாட்டு. அந்தப் பத்திரம் இல்லையென்றால் அவள் பெயருக்கு இந்தப் பெட்டியில் வேறு சாட்சி இல்லை. அதற்கடுத்து 1981-இல் நான், உன் மாமாவுக்கு. அதற்கடுத்தது உனக்குத் தெரியும்.

அன்று பதிவு அலுவலகத்தில் "என்னம்மா எழுதியிருக்கிறது?" என்று கேட்டாய். "வழக்கமான வாசகம்தான், நேரமாகிறது" என்றேன். நான் படித்திருந்தேன், மகளே. முந்திய இரவே இரண்டு தடவை படித்தேன். உன் பங்குக்கு உரிய தொகையை நீ ரொக்கமாகப் பெற்றுக்கொண்டதாக எழுதியிருந்தது. உனக்கு ஒரு பைசா தரவில்லை. மாமாவுக்குக் கையெழுத்துப் போட்ட அன்று நான் வந்து சாப்பிடாமல் படுத்துக் கிடந்தேன். அது எனக்கு மறக்கவே இல்லை. மறக்காமல் இருந்துகொண்டே உன் கையில் பேனாவைக் கொடுத்தேன். தம்பி கேட்கவில்லை, அப்பாவும் வற்புறுத்தவில்லை. நான்தான் அவசரப்படுத்தினேன்.

இதைப் போனில் சொல்ல நாலைந்து முறை எண்களை அழுத்தினேன். நீ எடுத்தால் சாப்பிட்டாயா என்றுதான் கேட்கவந்தது. நீயும் சாப்பிட்டேன் என்று வைத்துவிடுகிறாய்.

மற்ற நகல்களைப் பதிவுத் தபாலில் அனுப்புகிறேன். 1103 பத்திரத்தை மட்டும் அனுப்ப மாட்டேன். மடிப்பில் கிழிந்திருக்கிறது, தபாலில் தாங்காது. நீ வந்து வாங்கிக்கொள். எர்ணாகுளத்தில் பாலருவி ரயிலில் ஏறினால் வண்டி மாறாமல் இங்கே இறங்கலாம். எந்த நேரமானாலும் அப்பா ஸ்டேஷனுக்கு வருவார்.

துலாத்துக்கு 824. மறந்துவிடாதே.

அம்மா